சொப்பன ஏடும் பாவாயி கிணறும்

போன மாதம் சர்வே ஆபீசிலிருந்து இரண்டு பேர் அஸ்தம்பட்டியில் என் வீடு தேடி வந்தார்கள். இருவரும் எனக்குக் கீழே வேலை பார்த்தவர்கள். சுதந்திரம் வந்த மறு வருஷம் ஓய்வு பெற்றேன். அதற்குப் பிறகு ஒருத்தரும் எட்டிப் பார்க்கவில்லை என்று மனைவியிடம் புலம்பிக்கொண்டிருந்தவன், இவர்களைக் கண்டதும் பூரித்துப் போனேன். காப்பி குடித்து முடித்ததும்தான் தெரிந்தது, அவர்கள் என்னைப் பார்க்க வரவில்லை. ஒரு பென்சில் வட்டத்தைப் பற்றிக் கேட்க வந்திருந்தார்கள்.

பழைய புலப்படங்கள் கிழிந்து நைந்துவிட்டன என்று எல்லாவற்றையும் புதிதாக வரைகிறார்களாம். ஒவ்வொரு நிலத்துக்கும் எல்லைக் கற்களையும் அளவுகளையும் காட்டி நாங்கள் வரைந்து வைத்த படங்கள்தாம் அவை. புதிய படத்தில் பென்சில் குறி எதுவும் இருக்கக் கூடாது, காரணம் எழுதி மை போடு, இல்லையென்றால் அழித்துவிடு என்று உத்தரவு. ஆட்டையாம்பட்டிக்குத் தெற்கே ஒரு சின்ன ஊரின் படத்தில், ஒரு கல்லைச் சுற்றிப் பென்சிலால் புள்ளி புள்ளியாக வட்டம் போட்டிருக்கிறது. பக்கத்தில் என் சுருக்கொப்பமும் எங்கள் இன்ஸ்பெக்டருடையதும் இருக்கின்றன. குறிப்புக் கலத்தில் ஒரு வார்த்தை கிடையாது.

"அழிச்சா இது எல்லைக் கல்லாயிடும் சார். கெணறு பக்கத்துப் பட்டாவுக்குப் போயிடும். மை போடணும்னா என்ன காரணம்னு எழுதறது?" என்று கேட்டான் அவர்களில் மூத்தவன்.

திங்கட்கிழமை வாருங்கள், சொல்கிறேன் என்று அனுப்பிவிட்டேன். கிட்டத்தட்ட இருபது வருஷமாக எனக்கே விளங்காத ஒரு விஷயத்தைத் திங்கட்கிழமைக்குள் விளங்க வைத்துக்கொள்ளலாம் என்று நினைத்தேன் போலிருக்கிறது. அந்த நான்கு நாளும் நினைத்துப் பார்த்ததைத்தான் இங்கே எழுதுகிறேன்.

நான் பயிற்சி பெற்ற கதை பெரிதாக ஒன்றுமில்லை. சேலத்தில் சில மாதங்கள் வெயிலில் நின்று சங்கிலி பிடிக்கக் கற்றேன். அறுபத்தாறு அடிச் சங்கிலி, அதில் நூறு லிங்க். தொய்யாமல் இழு, மட்டமாகப் பிடி, கல் இருந்தால் கல்லை நம்பு. இதுதான் படிப்பு. கடைசி வாக்கியம் முக்கியம். பழைய படத்தின் அளவும் தரையில் நிற்கும் கல்லும் ஒத்துப்போகாவிட்டால், அசையாமல் நிற்கிற கல்லுக்குத்தான் மதிப்பு. சர்க்கார் கல் என்பதற்கு அடையாளமாக அதன் தலையில் உளியால் ஒரு குறி பொளித்திருக்கும். குறியைத் தடவிப் பார்த்துவிட்டால் எங்களுக்கு வேறு சாட்சி வேண்டாம்.

எங்கள் இன்ஸ்பெக்டர் தேவசகாயம் தெற்கத்திக்காரர். கோபம் வந்து நான் பார்த்ததில்லை. தப்பு செய்தால் தப்பு என்று சொல்ல மாட்டார், "இன்னொரு மட்டம் அளந்து பாரும்" என்பார். குடையை விரித்து வரப்பில் உட்கார்ந்து, வறுத்த கடலையை ஒவ்வொன்றாகத் தோல் நீக்கித் தின்றுகொண்டிருப்பார். மூன்றாம் முறையும் அதே தப்பு வந்தால் கடலைப் பொட்டலத்தை என் பக்கம் நீட்டுவார். அதைவிட நாலு வார்த்தை திட்டியிருக்கலாம். எங்களுக்கெல்லாம் அவர் வைத்திருந்த சட்டம் ஒன்றே ஒன்று: "கண்ணால பாத்தத படத்துல போடும். காதால கேட்டத குறிப்புக் கலத்துல எழுதும். ரெண்டயும் கலக்காதேயும்."

அவரிடம் ஆறேழு வருஷம் வேலை பார்த்த பிறகு அந்த ஊரைத் தனியாக அளக்கும் பொறுப்பு எனக்கு வந்தது. முப்பதுகளின் தொடக்கம் என்று வைத்துக்கொள்ளுங்கள், மாசி மாதம். எனக்குச் சங்கிலி பிடிக்க அர்த்தநாரி என்ற நடுவயதுக்காரர் இருந்தார், காது கொஞ்சம் மந்தம். நிலமெல்லாம் மேட்டுக்காடு, சோளத்தட்டு அறுத்து வெறுமையாகக் கிடந்தது. கற்களைத் தேடுவது சுலபம். ஒரே ஒரு கோளாறு. அந்த ஊரில் கற்கள் குறையவில்லை, கூடின. எந்த ஊரிலும் பத்துக் கல் இருக்க வேண்டிய இடத்தில் ஏழு கிடைக்கும். இங்கே பன்னிரண்டு நின்றன, அத்தனைக்கும் தலையில் சர்க்கார் குறி. முந்தைய சர்வேக்காரர் தாராளமாக நட்டுவிட்டுப் போயிருக்கிறார் என்று அவரைப் பாராட்டிக்கொண்டே வரைந்தேன்.

அப்படி வரைந்ததில்தான் பாவாயி அம்மாளின் கிணறு போயிற்று. அவள் கணவனை இழந்தவள், நாற்பது வயதிருக்கும். அவளுக்கு இருந்தது ஒன்றேகால் ஏக்கரும் ஒரு கிணறும். கிழக்கே மாரப்ப கவுண்டரின் காடு. நடுவில் குறியோடு ஒரு கல் உறுதியாக நின்றது. பழைய படத்தின்படி எல்லை அந்தக் கல்லுக்குக் கிழக்கே நாற்பது லிங்க் தள்ளிப் போக வேண்டும். ஆனால் அங்கே கல் எதுவும் இல்லை, உழுத மண்தான் இருந்தது. கல் இருந்தால் கல்லை நம்பு. கோட்டை அந்தக் கல் வழியாக இழுத்தேன். கிணறு அந்த நாற்பது லிங்குக்குள் இருந்ததால் கவுண்டர் பக்கம் விழுந்தது.

மறுநாள் பாவாயி நான் தங்கியிருந்த சாவடிக்கு வந்தாள்.

"ஏனுங்க சாமி, அது எல்லைக் கல்லு இல்லீங்க. எங்க ஊட்டுக்காரரு சொப்பனத்துக்கு நட்ட கல்லுங்க" என்றாள்.

எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. தலையில் சர்க்கார் குறி இருக்கிறதே அம்மா என்றேன்.

"இருக்குமுங்க. ஏற்கெனவே எங்கயாச்சும் எல்லையில நின்ன கல்லாப் பாத்துத்தான் நடோணும். எல்லை தெரியாத கல்லுக்குச் சொப்பனம் அடங்காதுங்களே."

ரோட்டோரத்திலும் ஏரிக்கரையிலும் பெயர்ந்து கிடக்கும் சர்க்கார் கற்களை எடுத்து வந்து நட்டிருக்கிறார்கள். ஊரில் கல் கூடிய காரணம் எனக்கு அப்போதுதான் புரிந்தது. சர்க்கார் கல்லை எடுப்பது குற்றம். அதனால் யாரும் வாயைத் திறக்கவில்லை. இவள் மட்டும் கிணறு போகிறதே என்று துணிந்து சொன்னாள்.

மாரப்ப கவுண்டர் கெட்ட மனிதர் அல்ல என்பதையும் சொல்ல வேண்டும். அவர் கிணறு அந்த வருஷம் சுத்தமாக வற்றிப்போயிருந்தது. "கல்லு நிக்குது, நீங்க அளந்தீங்க. நானா நட்டேன்?" என்று கேட்டார். நியாயம்தான். பிறகு அவரே, "சொப்பனக் கல்லுன்னா எனக்கு அந்தக் கெணறு வேண்டாமுங்க, அந்தப் பாவம் எனக்கெதுக்கு? ஆனா அத ஏடு சொல்லோணும், பாவாயி சொன்னாப் பத்தாது" என்றார்.

அவர் சொன்ன சொப்பன ஏடு ஆட்டையாம்பட்டியில் வையாபுரி என்ற நெசவாளியிடம் இருந்தது. மறுநாள் நானும் பாவாயியும் போனோம். அவர் தறிக்குழியிலிருந்து ஏறி வந்து, கையைத் துடைத்துவிட்டு, கூரை எரவாணத்தில் செருகியிருந்த ஏட்டுக் கட்டை எடுத்து அவிழ்த்தார். பனையோலைச் சுவடிதான், ஆனால் நான் பார்த்த எந்தச் சுவடியையும் போல இல்லை. எழுத்து குறைவு, கோடுகள் அதிகம். ஒவ்வொரு ஓலையிலும் ஒரு நாடு கீறியிருந்தது. பல் உதிரும் நாடு. ஓடியும் கால் நகராத நாடு. செத்தவர் பேர் சொல்லிக் கூப்பிடும் நாடு. தண்ணீர் ஏறும் நாடு. மொத்தம் பத்தொன்பது. ஒவ்வொன்றுக்கும் ஆறு, கணவாய், வாசல், எல்லை எல்லாம் உண்டு. எல்லை எங்கே இருக்கிறது என்பதற்குத் தூங்குகிறவன் வீட்டு வாசற்படியிலிருந்து திசையும் தப்படிக் கணக்கும் கொடுத்திருந்தது. ஒரே கனவு மூன்று முறை வந்தால் அந்த நாடு எல்லை தாண்டி வீட்டுப் பக்கம் வருகிறது என்று பொருளாம். அந்தத் திசையில் அத்தனை தப்படி நடந்து, எல்லை அறிந்த ஒரு கல்லை நட்டால் அது அங்கேயே நின்றுவிடும்.

இதை எழுதியது யார் என்று கேட்டேன்.

"தூங்கினவன் எவனோ எழுதுனானுங்க. முழிச்சிருக்கறவனுக்கு அந்த வழி எப்படித் தெரியும்?" என்றார் வையாபுரி.

தொழில் புத்தி சும்மா இருக்குமா? அங்கேயே ஒரு துண்டுக் காகிதத்தில் பத்தொன்பது நாட்டையும் திசை, தப்படியோடு குறித்துக்கொண்டு, எல்லைகளை ஒன்றோடொன்று சேர்த்துப் பார்த்தேன். கிழக்கில் தொடங்கிச் சுற்றி வந்தால் கிழக்குக்கே வந்து சேர வேண்டும். வரவில்லை. ஏழு தப்படி விட்டுப்போயிற்று. இந்தப் படம் மூடவில்லையே என்றேன்.

"சுத்தி வந்து பொறப்பட்ட எடத்துக்கே சேந்துட்டா அது ஊருங்க. சொப்பனம் இல்லீங்க" என்றவர் ஏட்டைக் கட்டிவிட்டுத் தறியில் இறங்கிவிட்டார்.

நான் காகிதத்தில் குறித்த அத்தனையும் அவர் ஏட்டிலிருந்து வாய்விட்டு வாசிக்கக் கேட்டு எழுதியவை. பாவாயி பக்கத்தில்தான் நின்றிருந்தாள். இதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் தேவைப்படும்.

அடுத்த நாள் காலையில் பாவாயி வீட்டு வாசற்படியிலிருந்து அந்தக் கல்வரை அளப்பது என்று தீர்மானித்தேன். ஏடு சொல்வது தப்படி, என்னிடம் இருப்பது லிங்க். யாருடைய தப்படி என்று கேட்டால் கனவு கண்டவனுடையது. அவன் செத்து இரண்டு வருஷமாகிறது. இதற்கு என்ன செய்வது என்று நான் விழித்தபோது, பாவாயி என்னை வீட்டுக்கு மேற்கே இட்டேரி என்கிற வேலிப்பாதை ஓரத்துக்குக் கூட்டிப் போனாள். அங்கே கிளுவை வேலி தழைத்து நின்றது.

"இது அவரு வெச்ச வேலிங்க. ஒரு தப்படிக்கு ஒரு போத்து. நான் போத்துக் கட்டத் தூக்கிக்கிட்டே பொறத்தாண்ட வந்தேன்" என்றாள்.

நாற்பத்தொரு கிளுவை, நடுவில் நாற்பது இடைவெளி. சங்கிலி போட்டேன். நூற்றறுபது லிங்க். ஆக, செத்துப்போன மனிதனின் தப்படி நாலு லிங்க். என் உத்தியோக வாழ்க்கையில் எத்தனையோ அளந்திருக்கிறேன். அந்த வேலியை அளந்தபோது மட்டும் யாரோ எனக்கு முன்னால் நடந்து போகிற மாதிரி இருந்தது.

கல் வாசற்படிக்கு வடகிழக்கே இருந்தது. தன் கணவனின் கனவு என்று பாவாயி சொன்ன தண்ணீர் ஏறும் நாட்டின் எல்லை, வடகிழக்கே தொண்ணூறு தப்படி. அதாவது முந்நூற்றறுபது லிங்க். சங்கிலி காட்டியது முந்நூற்றைம்பத்தெட்டு. இரண்டு லிங்க் வித்தியாசத்தை எங்கள் துறையிலேயே மன்னித்துவிடுவார்கள். நான் அளவைப் புத்தகத்தில் 358 என்று எழுதினேன். பக்கத்தில் குறிப்புக் கலம் காலியாக இருந்தது. அதில் சொப்பனம் என்ற வார்த்தையை எழுதக் கை வரவில்லை. சர்க்கார் புத்தகத்தில் இதை எழுதினால் மேலே பார்க்கிறவர்கள் சிரிப்பார்களே என்ற வெட்கம். கலத்தை அப்படியே விட்டேன்.

மூன்றாம் நாள் தேவசகாயம் வந்தார். எல்லாவற்றையும் சொன்னேன். குறுக்கே பேசாமல் கேட்டார். என் துண்டுக் காகிதத்தை வாங்கி வெகு நேரம் பார்த்தார். கல்லைத் தோண்டிப் பார்க்கலாமா என்று கேட்டேன், தகராறில் இருக்கிற கல்லைத் தொடக் கூடாது என்றார். பிறகு குடையை விரித்து வரப்பில் உட்கார்ந்துகொண்டார். பாவாயியும் கவுண்டரும் கொஞ்சம் தள்ளி வேப்ப மரத்தடியில் நின்றார்கள்.

"வடகெழக்குல மட்டும் மூணு நாடு இருக்கு. அறுவது, தொண்ணூறு, நூத்திப் பன்னெண்டு. எந்தக் கல்ல அளந்தாலும் பத்தொம்பதுல ஏதாவது ஒண்ணு கிட்டத்துல வரும்லா?" என்றார்.

"இது ரெண்டு லிங்க்தான் சார் வித்தியாசம்."

"சரி. அந்தம்மா தண்ணி ஏறுற நாடுன்னு எப்பச் சொன்னா? நீரு அளக்கதுக்கு முன்னாலயா, அளந்து அளவச் சொன்னதுக்குப் பொறவா?"

இதுதான் கேள்வி. முன்னால் சொல்லியிருந்தால் அது சாட்சி. பின்னால் சொல்லியிருந்தால், காகிதத்தைப் பார்த்துப் பொருத்திக்கொண்டது. பொருத்தியது அவளாகவும் இருக்கலாம், நானாகவும் இருக்கலாம். அவள்தான் எல்லாத் தப்படியையும் அளந்ததற்கு முந்தின நாளே காதால் கேட்டிருக்கிறாளே.

"முன்னாலதான் சார்" என்றேன். யோசிக்கவே இல்லை.

அவர் என் அளவைப் புத்தகத்தைத் திறந்து காலிக் கலத்தின் மேல் விரலை வைத்தார். படத்தை வாங்கி அந்தக் கல்லைச் சுற்றிப் பென்சிலால் புள்ளி வட்டம் போட்டு, சுருக்கொப்பம் வைத்து, என்னையும் வைக்கச் சொன்னார். எல்லைக்குப் பழைய அளவே நின்றது, கிணறு பாவாயிக்கு. கல் எடுத்த குற்றத்தைப் பற்றி அவர் மூச்சு விடவில்லை. கவுண்டர் மறுப்புச் சொல்லாமல் கைநாட்டு வைத்தார். போகும்போது தேவசகாயம் கடலைப் பொட்டலத்தை என் பக்கம் நீட்டினார்.

அன்று சாயந்தரமே யோசித்துப் பார்த்தேன், நினைவு இரண்டு விதமாக வந்தது. ஒன்றில் பாவாயி வாசற்படியில் நின்று தண்ணீர் ஏறும் நாடு என்கிறாள், சங்கிலி இன்னும் அர்த்தநாரியின் கையில் சுருட்டியபடி இருக்கிறது. இன்னொன்றில் அவள் அதே இடத்தில் அதே வார்த்தையைச் சொல்கிறாள், ஆனால் சங்கிலி புழுதியில் நீளமாகக் கிடக்கிறது. இரண்டிலும் அவள் கையில் ஒரே சொம்புதான். அர்த்தநாரியிடம் கேட்டேன். "நானு அந்தக் கடைசியில கல்லுக்கிட்ட நின்னனுங்க, ஒண்ணும் காதுல உளுகல" என்றார். பாவாயியிடம் கேட்கலாம். கேட்டு, பின்னால் என்று சொல்லிவிட்டால் என்ன செய்வது? கேட்கவில்லை.

அதன் பிறகு எத்தனையோ ஊர் அளந்தேன், பதவி உயர்வும் வந்தது. எல்லாவற்றிலும் குறிப்புக் கலத்தை நெருக்கி நெருக்கி எழுதினேன். என்னய்யா இது, புலப்படமா புராணமா என்று கேட்ட மேலதிகாரி உண்டு.

யுத்த காலத்தில் ஒரு நாள் ஆத்தூர் போய்க்கொண்டிருந்தேன். அப்போது கரிப்புகையில் ஓடும் பஸ்கள்தான். அயோத்தியாப்பட்டணத்தில் வண்டி நின்றுவிட்டது. டிரைவர் கரியைக் கிளறிக்கொண்டிருக்க, எல்லோரும் இறங்கிப் புளியமரத்தடியில் உட்கார்ந்தோம். எதிரே ஒரு கூடையோடு பாவாயி. மகளைக் கட்டிக்கொடுத்த ஊருக்குப் போகிறாளாம். என்னை அவள்தான் முதலில் அடையாளம் கண்டாள்.

கிணறு எப்படி இருக்கிறது என்று கேட்டேன்.

"உங்க புண்ணியத்துல தண்ணி கெடக்குதுங்க சாமி. கவுண்டருக்கும் அதுலதான் ஏத்தம் எறைக்க உட்டுருக்கறேன். பாவம், அவரு கெணறு அப்பறம் ஊறவே இல்லீங்க."

பத்துப் பன்னிரண்டு வருஷமாக வாய்க்குள் வைத்திருந்ததைக் கேட்டுவிட்டேன். அன்றைக்கு நாட்டுப் பேரை நான் அளப்பதற்கு முன்னால் சொன்னீர்களா, பின்னால் சொன்னீர்களா?

"அது எனக்கெங்கீங்க சாமி தெரியும். நீங்கதான புஸ்தகத்துல எழுதுனீங்க" என்றாள்.

பிறகு கூடையைச் சற்றே தள்ளி வைத்துவிட்டுச் சொன்னாள்: "உங்ககிட்டச் சொன்னா என்னங்க, அவரு கல்லு நட்டத நான் கண்ணால பாக்கலீங்க. அவரு செத்த ஏழாம் நாளு எனக்குச் சொப்பனம். கடப்பாரையும் கல்லுமா போயி, கெணத்துக்கு இக்கட்ட, நம்ம ஊட்டுப் பக்கமா நட்டுட்டு, தண்ணி இனி ஏறாது புள்ளைன்னாரு. விடிஞ்சு போயிப் பாத்தேன், கல்லு நிக்குது. அதுக்கு முன்னயும் அங்க நின்னுச்சான்னு தெரியிலீங்க. நான் கெவனிச்சதில்ல. எனக்கே ஒரு சமுசயம் இருந்துச்சு. அப்பறம் நீங்க அளந்தீங்க, அளவு சரியா வந்துச்சு. அதுக்கப்பறந்தான் மனசு தெம்பாச்சு. சங்கிலி பொய் சொல்லாதுங்களே."

நான் அவள் வார்த்தையை நம்பி வட்டத்துக்குக் கையெழுத்து வைத்தேன். அவள் என் சங்கிலியை நம்பித் தன் வார்த்தையை நம்பியிருக்கிறாள். அப்படியானால் அந்த முந்நூற்றைம்பத்தெட்டு எப்படி வந்தது? கல் உண்மையிலேயே சர்க்கார் கல்லாக இருந்து, தற்செயலாக அங்கே நின்றிருந்தால், நாற்பது லிங்க் நிலமும் கிணறும் கவுண்டருடையவை. அவர் இத்தனை வருஷம் தன் கிணற்றிலேயே அனுமதி கேட்டு இறைக்கிறார். அவள் கணவனே உயிரோடு இருந்தபோது நட்டிருந்தால் எல்லாம் சரி. இரண்டுமில்லாத மூன்றாவது ஒன்று இருந்தால் அதை அளக்க என்னிடம் கருவி கிடையாது. டிரைவர் ஹாரன் அடித்தார். நான் ஏறிக்கொண்டேன்.

திங்கட்கிழமை அந்த இருவரும் வந்தார்கள். கதையைச் சொன்னேன், பஸ் நின்றபோது நடந்ததை மட்டும் விட்டுவிட்டேன். தேவசகாயத்திடம் பயின்றவர்களைப் போலவே மூத்தவன் பென்சிலை எடுத்துக்கொண்டு கேட்டான்.

"அந்தம்மா அதை நீங்க அளக்கறதுக்கு முன்னாடி சொன்னாங்களா சார், அப்புறமா?"

பாவாயி இன்னும் இருக்கிறாள், கவுண்டரும் இருக்கிறார், இருவர் ஏற்றமும் அந்த ஒரே கிணற்றில் ஓடுகிறது என்று அவர்களே எனக்குச் சொன்னார்கள். நான்கு நாள் யோசித்திருந்தேன். தெரியாது என்றுதான் சொல்வதாக இருந்தேன்.

"முன்னாலதான் தம்பி" என்றேன்.

அவன் குறிப்புக் கலத்தில் எழுதி வாசித்துக் காட்டினான்: எல்லைக் கல் அல்ல, நேரில் அளந்து அறிந்தது. சரியா சார் என்று கேட்டான். சரி என்றேன். சின்னவன் மைக்கூட்டைத் திறந்து, புள்ளிகளின் மேல் ஒவ்வொன்றாக மை வைத்து வட்டத்தை முடித்தான்.